ஜன்னல் கிடங்கில் அமாவாசைச் சோறு

எண்பதுகளின் கடைசியில் தோர்ண்டன் ஹீத் என்ற இங்கிலீஷ் ஊரில் ஒரு நிலக்கீழ் அறையில் தனியாக இருந்தேன். ஜன்னலுக்கு வெளியே ஆளுயரக் குழிபோல ஒரு கிடங்கு. அறைக்கு வெளிச்சம் வரட்டும் என்று தோண்டி, செங்கல் கட்டி, மேலே தெருவோரமாகக் கம்பி வேலி அடித்திருந்தார்கள். மழைத்தண்ணீர் போக அடியில் ஒரு துவாரம், அதன்மேல் இரும்புச் சல்லடை.

மேல்வீட்டு வெள்ளைக்காரக் கிழவி காலையில் கடைக்குப் போகும்போது கைத்தடியால் அந்தக் கம்பியில் தட்டுவாள். "கீழே உயிரோடு இருக்கிறாயா?" என்று இங்கிலீஷில் கேட்பாள். "ஓம், இருக்கிறன்!" என்று தமிழிலேயே கத்துவேன். நான் வேலைசெய்த பிஸ்கட் தொழிற்சாலை இரைச்சலில் யாரும் யாரோடும் பேச ஏலாது. ஒரு நாள் முழுக்க என்னோடு பேசுகிற ஒரே மனிதப்பிறவி அவள்தான்.

அமாவாசைகளில் செத்துப்போன அப்பாவுக்காக விரதம் இருப்பேன். காகம் எடுத்தபிறகுதான் நான் சாப்பிடலாம். ஜன்னலைத் திறந்து வெளிக்கட்டின்மேல் சோறும் கறியும் வைத்து, அக்கம்பக்கம் சிரிக்காதபடி மெதுவாக "கா, கா" என்பேன். பிறகு ஷிப்ட்டுக்கு ஓடுவேன். திரும்பி வரும்போது கட்டு துடைத்ததுபோல இருக்கும். அப்பா வந்து போய்விட்டார் என்று நிம்மதியாகச் சாப்பிடுவேன்.

அந்த ஐப்பசியில் மூன்றாம் முறையாகக் கிடங்கு நிரம்பி, ஜன்னல் இடுக்கால் தண்ணீர் வந்து மெத்தையை நனைத்தது. கிழவி கம்பியோரத்தில் பறவைகளுக்குப் பாண் ரொட்டி பிய்த்து எறிவதைக் கண்டிருந்தேன். எனக்குக் கோபம் வந்தால் கண்மண் தெரியாது. படியேறிப் போய்க் கதவைத் தட்டினேன்.

"உன்ரை பாண்தான் தண்ணி போற பீலியை அடைச்சுப்போட்டுது! நான் என்ன தவளையே, தண்ணிக்குள்ளை படுக்க?"

பாதி தமிழ், பாதி இங்கிலீஷ். அவளுக்கு என்ன விளங்கியதோ, கதவைச் சாத்தினாள்.

ஜன்னலால் கிடங்குக்குள் இறங்கி, வாளியால் இறைத்து, சல்லடையைக் கிளப்பிக் கையை விட்டேன். களியாகிப்போன சோறு. அதற்குள் கறிவேப்பிலைக் காம்பு, ஒரு காய்ந்த செத்தல் மிளகாய். பாணுக்குள் செத்தல் மிளகாய் எங்கேயிருந்து வரும்? கட்டின்மேல் வைத்ததையெல்லாம் காற்றும் மழையும் கீழே தள்ளியிருக்கின்றன. இவ்வளவு காலமும் ஒரு காகமும் வரவில்லை. அப்பா பட்டினி. முழங்கால் தண்ணீரில் நின்று அழுதேன்.

துவாரத்துக்குக் கம்பிவலை வைத்துச் சல்லிக்கல் பரப்பினேன். ஞாயிறுதோறும் இலைகளை அள்ளினேன். பிறகு தண்ணீர் தேங்கவில்லை.

சோற்றைக் கண்டெடுத்ததற்கு மறுநாள் காலை ஜன்னலடியில் காத்திருந்தேன். தடிச்சத்தம் வந்தது, நிற்காமல் போனது. பின்னேரம் மேலே போய், அடைத்தது என் சோறுதான், மன்னிக்க வேண்டும் என்றேன். கதவுச் சங்கிலியைக் கழற்றாமலே, "சொன்னதற்கு நன்றி" என்றாள். அதற்குப் பிறகு அவள் கம்பியில் தட்டவேயில்லை.

அடுத்த அமாவாசைக்குச் சோற்றைப் பின்வளவு மதிலில் வைத்துவிட்டு, ஷிப்ட்டுக்குப் பிந்தினாலும் பரவாயில்லை என்று நின்றேன். காகம் வந்தது. என் கண்முன்னாலே சாப்பிட்டது. அதை ஓடிப்போய்ச் சொல்ல அந்த வீட்டில் எனக்கு ஆளில்லை.