யூஜினியின் தொண்டையை நேர்ந்துவிட்ட கதை

யூஜினி என்ற பெயரை நான் முதன்முதல் கேட்டது மன்னார் பஸ்ஸுக்குள். எழுபத்துமூன்றாம் ஆண்டு, தவக்காலம். முன் சீற்றில் இருந்த பாசையூர் பஸ்ரியன் என்னைக் கண்டுவிட்டுத் திரும்பி, "மச்சாள், பெட்டை பிறந்திருக்கு. யூஜினி எண்டு பேர் வைச்சிருக்கிறம். அழுதால் நாலு வீட்டுக்குக் கேக்குது," என்று பஸ் முழுக்கக் கேட்கச் சொன்னார். பஸ்ரியனின் மனைவி பிலோமினா என் சின்னம்மாவின் மகள். அந்த வழியில் யூஜினி எனக்குப் பெறாமகள்.

பஸ்ரியன் எண்பத்தாறில் காலமாகிவிட்டார். பிலோமினா பெட்டையோடு தொண்ணூற்றொன்றில் ரொறன்ரோவுக்கு வந்து, டோர்செட் பார்க்கில் நான் இருந்த கட்டடத்திலேயே பதினோராம் மாடியில் குடியேறினாள். இளையவன் ஜூலியன் பிறகுதான், கனடாவுக்கு ஆள் ஏற்றுகிற ஏஜென்சிக்காரனோடு வெளிக்கிட்டான். வெளிக்கிட்டவன் மொஸ்கோவில் ஏழு மாதம் அகப்பட்டுக் கிடந்தான். இடையில் இரண்டு மாதம் ஒரு போனும் இல்லை.

தொண்ணூற்றுமூன்று ஆவணியில் மிட்லண்ட் கோயிலுக்கு பஸ் பிடித்துப் போனோம். மடுமாதா திருநாளுக்கு எங்கள் ஆட்கள் எல்லாரும் வருசம் தவறாமல் போகிற இடம் அது. சுரூபத்துக்கு முன்னால் பிலோமினா முழங்காலில் நின்று சத்தமாகவே சொன்னாள்: "தாயே, என்ரை பெடியனைக் கொண்டுவந்து சேர். யூஜினியின்ரை தொண்டையை உனக்குத் தாறன். உன்ரை பாட்டைத் தவிர அவள் வேறை பாட்டுப் பாடமாட்டாள்." பக்கத்தில் நின்ற நான் "ஆமென்" என்றேன். நான் செய்த வேலை அது.

மார்கழியில் ஜூலியன் வந்து இறங்கினான். அன்றிலிருந்து யூஜினி கோயில் பாட்டு மட்டுந்தான் பாடினாள். கலியாண வீடுகளில் பைலா தொடங்கினால் எல்லோரும் எழும்பி ஆடுவார்கள். அவள் வாயை மூடிக்கொண்டு இருப்பாள். மேசைக்குக் கீழே கால் மட்டும் தாளம் போடும்.

அவள் அப்போது ஸ்காபரோவில் சவர்க்காரம் பெட்டியில் அடுக்குகிற பக்டறியில் வேலை. கூட நின்றவள் யோலான்டா, டொமினிக்கன் நாட்டுப் பெட்டை. யூஜினி தன்னை மறந்து முணுமுணுத்த ஒரு நாள் அவள் காதில் விழுந்துவிட்டது. "என்ரை அண்ணனிட்டை பான்ட் இருக்கு, பாட ஆளில்லை, வா," என்று கையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போனாள். தொண்ணூற்றாறு ஐப்பசி அது. வீட்டில் ஓவர்டைம் என்று சொல்லிவிட்டு யூஜினி போய்வரத் தொடங்கினாள்.

எல்லாம் வெளிச்சத்துக்கு வந்த பிறகு நானும் ஒரு நாள் அவர்கள் பாடிப் பழகுகிற பேஸ்மென்றுக்குப் போய்ப் பார்த்தேன். ஒருவன் மேளத்தை மடியில் கிடத்தி, ஒரு பக்கத்தைத் தடியாலும் மற்றப் பக்கத்தைக் கையாலும் அடித்தான். எங்கள் தவில் மாதிரித்தான். இன்னொருவன் ஒரு தகரக் குழலைக் கம்பியால் சுரண்டிக்கொண்டு நின்றான். மெரெங்கே என்று பெயராம், அவர்களுடைய பழைய ஆட்டத் தாளம். யோலான்டாவின் தமையன் அதற்கு மேலே இந்தக் காலத்துப் பெடியள் தெருவில் பாடுகிற பேச்சுப் பாட்டையும் மெஷின் அடியையும் போட்டுக் கலந்திருந்தான். அவன் பேசிக்கொண்டு போக, இடையிலே யூஜினி எடுத்து ஏற்றுவாள். ஸ்பானிஷ் சொல்லையெல்லாம் கொப்பியில் தமிழ் எழுத்தில் எழுதி வைத்திருந்தாள். தொடங்கும்போது ஒரு சொல்லுக்கும் அர்த்தம் தெரியாதாம். ஒரு வருசத்தில் அந்தப் பாஷையிலேயே சண்டை பிடிக்கிற அளவுக்கு வந்துவிட்டாள்.

தொண்ணூற்றேழு மாசியில் ஜூலியன் மிசிசாகாவுக்கு, எயார்போர்ட் வேலைக்குப் போகிற வழியில், ஐஸில் கார் சுழன்று மதிலோடு மோதியது. காலில் இரண்டு எலும்பு முறிவு. ஆஸ்பத்திரியில் பிலோமினா செபமாலையோடு இருக்க, யூஜினி ஓடிவந்து தாயின் காலடியில் விழுந்தாள்.

"என்னாலைதான் அம்மா. நான் வேறை பாட்டுப் பாடினனான்."

எல்லாவற்றையும் சொல்லிவிட்டாள். பிலோமினா அடிக்கவில்லை. "மாதாவுக்குக் குடுத்த தொண்டையை ஆரிட்டையடி கொண்டுபோய்க் குடுத்தனி?" என்று மட்டும் கேட்டாள்.

கட்டிலில் கிடந்த ஜூலியன், "அம்மா, நான் வின்ரர் ரயர் போடேல்லை. மொட்டை ரயரிலை ஓடினனான்," என்றான்.

"நீ வாயை மூடு. உனக்கு ஒண்டும் தெரியாது."

யூஜினி பாட்டை நிற்பாட்டிவிட்டாள். கோயில் பாட்டும் வரவில்லை. பூசையில் வாயைத் திறப்பாள், காற்றுத்தான் வரும். சாப்பாடும் குறைந்துவிட்டது. பங்குனி முடிவில் யோலான்டா ஒரு கேக்கையும் தூக்கிக்கொண்டு வீட்டுக்கே வந்தாள். வைகாசியில் ஸ்டூடியோவில் இரண்டு நாள் பிடித்திருக்கிறார்களாம். யூஜினி வராவிட்டால் வேறு பெட்டையைப் போடுவார்களாம், வெள்ளிக்கிழமைக்குள் பதில் வேண்டுமாம். பிலோமினா கேக்கை மட்டும் வாங்கி வைத்தாள்.

எனக்கு நெஞ்சு கேட்கவில்லை. ஆமென் சொன்னவள் நானல்லவா? வியாழக்கிழமை தாயையும் மகளையும் கூட்டிக்கொண்டு எங்கள் கோயில் குருவான சூசைதாசன் சுவாமியிடம் போனேன். வழி முழுக்கப் பிலோமினா, "சுவாமி நேர்த்தியை இன்னும் கூட்டச் சொன்னால் என்னக்கா செய்யிறது?" என்று புலம்பிக்கொண்டே வந்தாள்.

சுவாமி எல்லாவற்றையும் கேட்டுவிட்டு, "பிலோமினா, நேர்த்தி வைக்கேக்கை இந்தப் பிள்ளையைக் கேட்டனியோ?" என்றார்.

"அவள் அண்டைக்கு வேலைக்குப் போயிருந்தாள் சுவாமி."

"அப்ப மற்றாளின்ரை தொண்டையை நீ எப்பிடிக் குடுப்பாய்? என்ரை காரை நீ மாதாவுக்கு நேர்ந்துவிட்டால், நானே நடந்து திரியிறது?"

பிலோமினா மகளைத் திரும்பிப் பார்த்தாள்.

"நேர்த்தி வைச்ச ஆளைத்தான் அது கட்டும். பிள்ளையைக் கட்டாது. அவள் ஒரு பிழையும் செய்யேல்லை. ஓவர்டைம் எண்டு பொய் சொன்னதுக்கு மட்டும் பாவசங்கீர்த்தனம் செய்யட்டும்."

"அப்ப மாதாவுக்குச் சொன்ன பாட்டு, சுவாமி?"

"சொன்னது நீ. ஆவணியிலை மிட்லண்டிலை மைக்கிலை நீ பாடு."

"ஐயோ, நானோ? நான் பாடினால் பூனையும் ஓடும்!"

"மாதா ஓடமாட்டா."

யூஜினி சிரித்துவிட்டாள். இரண்டு மாதத்துக்குப் பிறகு அவள் சிரித்தது அன்றைக்குத்தான். பிறகு அழுதாள். பிலோமினாவும் அழுதுகொண்டே மகளின் முதுகைத் தடவி, "நான் உன்னைக் கேட்டிருக்க வேணும் பிள்ளை," என்றாள். எனக்கு அந்தக் கதிரையிலேயே சாய்ந்து படுக்கலாம் போலிருந்தது. அவ்வளவு பாரம் இறங்கியது.

வீட்டுக்கு வந்ததும் யோலான்டாவுக்குப் போன் எடுத்தவள் பிலோமினாதான். "யூஜினி கம். யெஸ், யெஸ். சற்றடே," என்று மூன்று தரம் கத்திவிட்டு வைத்தாள். வைகாசியில் சீடி அடித்தார்கள், எட்டுப் பாட்டு. அதில் ஒன்றிலே, யூஜினி கேட்டதால், தவில்போல ஒரு அடி சேர்த்திருக்கிறார்கள்.

ஆவணியில் மிட்லண்டில், நாலாயிரம் சனத்துக்கு முன்னால் பிலோமினா மைக்கைப் பிடித்தாள். சுருதி ஒரு பக்கம், அவள் ஒரு பக்கம். முன்வரிசைப் பெடியள் குனிந்து சிரித்தார்கள். அவள் ஒரு வரியும் விடவில்லை. முடித்துவிட்டு வந்து, "அக்கா, நேர்த்தியைக் கட்டிப்போட்டன்," என்று வேர்வையைத் துடைத்தாள். பக்கத்தில் ஊன்றுகோலோடு நின்ற ஜூலியன் கை தட்டினான்.

யூஜினி இப்போது ஸ்காபரோவிலேயே ரூஜ் பகுதியில், தாயோடும் தம்பியோடும் இருக்கிறாள். பக்டறி வேலையை விட்டுவிட்டாள். வெள்ளியும் சனியும் பான்டோடு பாடுகிறாள், ஞாயிறு காலையில் கோயிலில் பாடுகிறாள்.