தலைகீழ்க் குளியல்

கப்பலில் அவரை யாரும் பெயர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. ‘காது’ என்றுதான் கூப்பிடுவார்கள். “காது ஏறியாச்சா?” என்று முன்னாலிருந்து விமானி கேட்பார். “ஏறியாச்சு சார்” என்று பின்னாலிருந்து காதே பதில் சொல்லும். போர்க்கப்பலின் ஹெலிகாப்டருக்குள் உட்கார்ந்து, கடலுக்கடியில் நீர்மூழ்கிக் கப்பல் எதுவும் பதுங்கியிருக்கிறதா என்று ஒட்டுக்கேட்பது காதுக்காரரின் உத்தியோகம். அவர் மனைவிக்கு இதில் தீராத ஆச்சரியம். “கடலுக்கடியில எவனோ மூச்சு விட்டா கேக்குதாம். அடுப்படியிலேர்ந்து நான் கத்தினா கேக்கமாட்டேங்குது” என்பாள்.

கப்பலுக்கும் சொந்தமாகக் கேட்கும் கருவி உண்டு. ஆனால் தன் எஞ்சின் போடும் கூச்சலிலேயே அது பாதி செவிடு. கீழே கிடப்பவனுக்கோ கப்பல் வருவது வெகுதூரத்திலேயே கேட்டுவிடும். அதனால்தான் ஹெலிகாப்டர் முந்திக்கொண்டு பறக்கும். அலைக்கு மேலே அந்தரத்தில் நின்று, நீளமான கேபிளில் கட்டிய கருவியைக் கடலுக்குள் இறக்கிக் கேட்கும். சுருட்டிக்கொண்டு இன்னோரிடத்துக்குத் தாவும். அடுத்து எங்கே இறக்கும் என்று நீர்மூழ்கிக்காரனுக்குத் தெரியாது. தலைக்கு மேல் இப்படி ஒன்று சுற்றுகிறது என்றாலே அவன் வாலைச் சுருட்டிக்கொண்டு கிடப்பான். பின்னால் வரும் பெரிய பெரிய கப்பல்களெல்லாம் நெஞ்சை நிமிர்த்திக்கொண்டு போவது இந்தத் துக்கிணியூண்டு யந்திரத்தை நம்பித்தான்.

நம்பப்பட்ட மனிதர் உட்கார்ந்திருந்த இடத்தைப் பார்த்தால் பாவமாக இருக்கும். விமானிகளுக்கு முன்னால் வானமே விரிந்து கிடக்கும். இவருக்கு முன்னால் திரை, பக்கத்தில் இன்னொரு திரை, முழங்கால் இடிக்கும் இரும்புப் பெட்டி. தோளோரத்தில் ஜன்னல் இருந்தது. ஆனால் வெளிச்சம் திரையில் விழுந்து கூசும் என்று அதற்குக் கறுப்புத் துணி போட்டு மூடியிருந்தார்கள். கடலுக்கு மேலேயே வாழ்ந்த மனிதர் கடலைப் பார்த்தது குறைவு.

பல வருஷம் அது அவரை ஒன்றும் செய்யவில்லை. அப்புறம் ஒருநாள், கேபிள் கடலுக்குள் இறங்கியிருந்த நேரத்தில், எஞ்சின் ஒன்று இருமியது. ஒரே ஒரு இருமல்தான். யந்திரம் ஒரு குலுக்குக் குலுக்கி அலைப்பக்கம் தாழ்ந்தது, விமானி சமாளித்துத் தூக்கிவிட்டார். கப்பலுக்குத் திரும்பியதும் எல்லோரும் டீ குடித்துவிட்டுச் சிரித்தார்கள், காதுக்காரரும் சிரித்தார். மறுநாள் ஏறி உட்கார்ந்து பெல்ட்டைப் போட்டபோது மூச்சு முட்டியது. சவப்பெட்டியில் படுத்துக்கொண்டு தானே மூடியைச் சாத்திக்கொள்கிற மாதிரி இருந்தது. அன்று முதல் ஒவ்வொரு நாளும் அப்படித்தான்.

வாயைத் திறந்து சொல்ல வேண்டியதுதானே என்று கேட்கலாம். கேட்பதற்கென்ன, நோகாமல் கேட்கலாம். அந்தப் பறக்கும் கூட்டத்தில் ‘பயம்’ என்ற சொல்லை யாரும் எடுப்பதில்லை. ஒருத்தர் எடுத்தார். அன்று முதல் அவரிடம் எல்லோரும் ஆஸ்பத்திரியில் பேசுகிற குரலில் பேசினார்கள். அதைவிட ஓங்கி அறைந்திருக்கலாம்.

ஆனால் மானத்தோடு வெளியேற அங்கே ஒரே ஒரு வாசல் இருந்தது. ஹெலிகாப்டர் கடலில் விழுந்தால் மிதக்காது. எஞ்சின் கனம் முழுக்க மேலே இருப்பதால் விழுந்த வேகத்தில் குப்புறக் கவிழும். அதற்குள்ளிருந்து தப்பிக்கப் பழக வேண்டும் என்று, பெரிய நீச்சல்குளத்தில் ஒரு பொய்க்கூண்டைத் தொங்கவிட்டு, ஆட்களை உள்ளே கட்டி வைத்து, தண்ணீரில் முக்கிக் கவிழ்ப்பார்கள். ‘தலைகீழ்க் குளியல்’ என்று அதற்குப் பெயர். சில வருஷத்துக்கு ஒருமுறை எல்லோரும் குளித்தாக வேண்டும். வெளியே வர முடியாத ஆளைக் காவலுக்கு நிற்கும் முக்குளிப்பவர்கள் இழுத்துப் போடுவார்கள். அவரைப் பற்றிக் கூட்டத்தில் ஒரே வார்த்தைதான் சொல்வார்கள்: “தண்ணி ஒத்துக்கல.” சாப்பிட்டது ஒத்துக்காத மாதிரி. ஒரு கேள்வி கிடையாது, ஏளனம் கிடையாது. கரையில் உட்கார்ந்து வேலை பார்க்க ஒரு மேஜை கொடுத்துவிடுவார்கள்.

காதுக்காரருக்கு அந்த மேஜை வேண்டும். அந்த வருஷக் குளியலில் தோற்றுப்போவது என்று முடிவு செய்தார். மனைவியிடம் மட்டும், “இந்தத் தடவை எனக்குத் தண்ணி ஒத்துக்காது” என்றார். “ஒத்துக்காமலே போகட்டும்” என்றாள்.

முதல் சுற்றுகளை ஒழுங்காக முடித்தார். எடுத்த எடுப்பிலேயே தோற்றால் சந்தேகம் வரும் அல்லவா? கடைசிச் சுற்று இருட்டில். விளக்கையெல்லாம் அணைத்துவிட்டு முக்குவார்கள். அதில்தான் சும்மா இருப்பது என்று திட்டம். ஒரு கை ஜன்னல் விளிம்பில், மற்றக் கை பெல்ட் கொக்கியில், கூண்டு உருள்வது நின்ற பிறகுதான் அவிழ்க்க வேண்டும் என்பது பாடம். அவிழ்க்கவே போவதில்லை. அவ்வளவுதான் செய்ய வேண்டியது, மூச்சை அடக்கிக்கொண்டு உட்கார்ந்திருந்தால் போதும்.

கூண்டு இறங்கியது. தண்ணீர் முழங்கால், மார்பு, கழுத்து என்று ஏறியது. உலகம் புரண்டது. மூக்குக்குள் தண்ணீர் சுர்ரென்று ஏறியது. எது மேலே எது கீழே என்று தெரியாத அந்த இருட்டில், ‘சும்மா இரு, சும்மா இரு’ என்று தன் கைகளிடம் கெஞ்சினார். அவருடைய கைகள் அவர் சொல்வதைக் கேட்கவில்லை. உருள்வது நிற்கக் காத்திருந்தன. கொக்கியைத் தட்டின. ஜன்னலைத் தள்ளின. அவரைப் பிடித்து வெளியே இழுத்துப் போட்டன. கண்ணைத் திறந்தபோது குளத்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு இருமிக்கொண்டிருந்தார்.

“அடேயப்பா! மொத ஆளா வெளிய வந்தது நீங்கதான்” என்று பயிற்சி மாஸ்டர் கைதட்டினார். “உங்களுக்கெல்லாம் எதுக்குங்க இந்தப் பரீட்சை?”

இன்னும் சில வருஷத்துக்கு அந்த வாசல் மூடிவிட்டது. சாத்தியது அவருடைய சொந்தக் கைதான். நல்லவேளை, முகமெல்லாம் தண்ணீர்.

சாயங்காலம் வீட்டுக்கு வந்தார். செருப்பைக் கழற்றும் முன்பே அவள் கேட்டாள்.

“என்னங்க ஆச்சு?”

“பாஸ்.”

அவள் நாற்காலியில் உட்கார்ந்துவிட்டாள். “ஏங்க?”

“நான் பண்ணலடி. கை பண்ணிடுச்சு.” அப்புறம், கல்யாணமான நாளிலிருந்து அவள் கேட்டிராத ஒன்றைச் சொன்னார். “எனக்குப் பயமா இருக்கு.”

அவள் சிரிக்கவில்லை. ஆஸ்பத்திரிக் குரலிலும் பேசவில்லை. “தெரியும்” என்றாள். “தூக்கத்துல பெல்ட்டத் தேடுறீங்க. என் சேலையப் புடிச்சு அவுக்கப் பாக்குறீங்க, எதுக்குன்னு எனக்குத் தெரியாதா? என்கிட்டச் சொன்னீங்கள்ல, அதையே அவங்ககிட்டயும் சொல்லிடுங்க. என்ன பேசுனாப் பேசிட்டுப் போறாங்க. அவங்களா நம்ம வீட்ல வந்து தூங்கப் போறாங்க?”

அவருக்கு அது சரி என்றே பட்டது. ரொம்ப நாளைக்குப் பிறகு நெஞ்சு கொஞ்சம் இளகியது. சொல்லிவிடலாம், நாளைக்கே போய்ச் சொல்லிவிடலாம் என்று முகம் கழுவப் போனபோது போன் அடித்தது. கப்பல் ஹெலிகாப்டருக்குப் பொறுப்பான அதிகாரி. குரல் பெரிது, அறை முழுக்கக் கேட்டது.

“என்னய்யா காது, பிரமாதமாம்ல? கேள்விப்பட்டேன். கேளு, கப்பல் நாளைக்குக் காலையிலயே கிளம்புது. அஞ்சாறு மாசம் ஆகும். உனக்கு ஏதாவது சிரமம் இருந்தா இப்பவே சொல்லிடு, வேற ஆள் பாக்கிறேன். ஒண்ணும் தப்பில்ல.”

யாரும் அவரிடம் இப்படிக் கேட்டதே இல்லை. கேட்கவும் மாட்டார்கள் என்றுதான் இத்தனை நாள் நினைத்திருந்தார். மனைவி எழுந்து நின்று, சொல்லுங்க சொல்லுங்க என்று உதட்டை மட்டும் அசைத்தாள். அவர் வாயைத் திறந்தார்.

“சிரமம் ஒண்ணுமில்ல சார். வந்துடறேன்.”

போனை வைத்தார். அவள் பரண்மேலிருந்து பெட்டியை இறக்கி, துடைத்து, அவருடைய சட்டைகளை ஒவ்வொன்றாக மடித்து உள்ளே வைக்க ஆரம்பித்தாள்.