312-ஆம் பொந்து

பூங்காவில் அவருக்குப் பட்டப்பெயர் பொந்தடைச்சான். மரத்தில் பொந்து விழுந்தால் தண்ணீர் தேங்கும், கொசு பெருகும், மரமும் உளுத்துப்போகும். தண்ணீரை இறைத்துவிட்டுச் சிமெண்டுக் கலவை வைத்து அடைப்பது அவர் வேலை. இருபத்தாறு வருடமாக இதுதான். ஒவ்வொரு முறையும் கலவை காயுமுன் ஆணியால் அதில் ஓர் எண்ணைக் கீறிவைப்பார். சம்பந்தி வீட்டுக்கு முதல்முதலாகப் போனபோதுகூட, "ஒரு பொந்துகூட விட்டதில்ல" என்று மீசையை முறுக்கிக்கொண்ட மனிதர்.

போன மாதம் ஏரிக்கரை மரத்தில் 312. கலவை அள்ளிய கரணையை வைத்தபோது உள்ளிருந்து 'டொக்' என்றது. மறுபடியும் 'டொக்'. தவளைதான். கையை விட்டு எடுத்திருக்கலாம். ஆனால் கலவை இறுகத் தொடங்கியிருந்தது. எப்படியாவது வெளியே வந்துவிடும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு பூசினார். எப்படி வரும்? இருந்த ஒரே வழியையும் அல்லவா அடைத்தார்!

இந்த வாரம் ஆராய்ச்சிக்காரப் பெண் ஒருத்தி வந்து சேர்ந்தாள். கட்டைவிரல் அளவில் ஒரு மரத்தவளையாம். பொந்தில் தேங்கிய தண்ணீரில்தான் முட்டையிடுமாம், ஏரிப் பக்கம் எட்டியும் பாராதாம். மூன்று வருடம் முன்பு இங்கே பதிவுசெய்த குரலைப் போனில் போட்டுக் காட்டினாள். டொக். டொக்.

"கேட்டிருக்கீங்களாண்ணா?"

"இல்லம்மா. எனக்குக் காது கொஞ்சம் மந்தம்."

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் என்பது பொய்யா? மத்தியானம் சோறு இறங்கவில்லை. மனைவி துருவித் துருவிக் கேட்டதில் விஷயம் வெளியே வந்தது.

"ஒரு தவளைக்கா இப்படி இடிஞ்சுபோய் உட்கார்ந்திருக்கீங்க?"

"கத்துனது காதுல விழுந்துச்சுடி. கேட்டுக்கிட்டேதான் பூசினேன்."

மறுநாள் காலை அந்தப் பெண் ஏரிக்கரை மரத்துச் சிமெண்டைத் தடவிக்கொண்டு நின்றாள். "312... இது மரத்தோட நம்பராண்ணா?"

ஆமாம் என்று ஒரு வார்த்தை சொன்னால் தப்பித்துவிடலாம்.

"நான் அடைச்ச பொந்தோட நம்பரும்மா. உள்ள தவளை இருந்துச்சு. தெரிஞ்சேதான் அடைச்சேன்."

அவரே உளியை வைத்து உடைத்தார். அடியில் காய்ந்த சருகு மாதிரி ஏதோ ஒட்டிக்கிடந்தது. அவள் அதைக் காகிதத்தில் எடுத்து மடித்தாள். திட்டியிருந்தால்கூட அவருக்குத் தேவலையாக இருந்திருக்கும்.

"அடைக்காத பொந்து வேற எங்கயாவது இருக்காண்ணா?"

அவர் தலையைக் குனிந்துகொண்டார்.

"ஒரு பொந்துகூட விட்டதில்லம்மா."