கறுப்புத் தகடு

ராக்கெட் கிளம்பும்போது ஊரே அண்ணாந்து பார்க்கும். பாலிஷ்கார அக்கா குனிந்து கார்களைப் பார்ப்பார். சத்தம் ஓய்ந்ததும் ஆள்காட்டி விரலை எச்சிலில் நனைத்துத் தூக்கிப்பிடித்து, காற்று எந்தப் பக்கம் என்று சோதிப்பார். பிறகு பட்டறையின் மொட்டைமாடிக்கு ஏறி, கைப்பிடிச் சுவரில் சாய்த்து வைத்திருக்கும் கறுப்புத் தகட்டை எட்ட நின்று பார்த்துவிட்டு இறங்கிவிடுவார். தொடமாட்டார். மூன்றாம் நாள்தான் கழுவுவார். "அவசரப்பட்டா என்ன தெரியும்? அது கடிச்சு முடிக்க வேணாமா?"

ஏவுதளத்தின் சுற்றுச்சுவரைத் தாண்டினால் முதல் கட்டடம் அவருடைய பட்டறை. உள்ளே வேலை செய்கிறவர்களின் கார்கள்தான் வாடிக்கை. பக்கவாட்டில் திட எரிபொருள் கட்டிய ராக்கெட் போன மறுநாள், கடுகு தூவினாற்போல் மங்கிய புள்ளிகளோடு கார்கள் வரிசை கட்டும். புகையிலிருக்கும் அமிலம் ஈரக்காற்றில் கரைந்து துளித்துளியாக விழுந்து பெயின்ட்டை அரித்துவிடும். கார்க்காரர் பதறிப்போய் கைக்குட்டையால் துடைக்கப் போனால் அதட்டல் விழும்: "கையை எடுங்க சார்! தேச்சா இன்னும் ஆழமா இறங்கும்."

பட்டறைக்கு அது நல்ல வேலை. ஆனாலும் அந்தப் புள்ளிகளை ஒழித்துக்கட்டியே தீருவேன் என்று ஒற்றைக்காலில் நின்றவர் அவர்தான்.

காரணம் பட்டறையின் பின்பக்கம் இருக்கிறது. அங்கே அவர் கணவரின் மீன்குளம். புகை அந்தப் பக்கம் திரும்பிய நாட்களில் மீன்கள் வெள்ளை வயிற்றைக் காட்டிக்கொண்டு மிதக்கும். மனிதர் வாய்விட்டுப் புலம்புகிறவர் இல்லை. வலையில் அள்ளிக் கொண்டுபோய்ப் புதைத்துவிட்டு, சாப்பிடாமல் படுத்துவிடுவார். இரண்டு வருடமாகக் குளத்தில் குஞ்சே விடவில்லை.

"கார் பெயின்ட்டையே கடிக்குது, மீனோட செவுளை மட்டும் விட்டு வைக்குமா?" என்று அக்கா ஏவுதள அலுவலகத்தில் போய்க் கேட்டார். "காத்தை அளக்குற எங்க கருவியில ஒண்ணும் காட்டலையேம்மா" என்றார்கள். அதுவும் பொய்யில்லை. கருவி முன்வாசலில், காவலர் அறை நிழலில் சொகுசாக நின்றது. புகை போவதெல்லாம் பின்சுவர்ப் பக்கம், பட்டறை இருக்கும் திசையில்.

அன்றைக்கு ஆரம்பித்ததுதான் தகடு. பழைய கார்க் கதவை வெட்டி, கறுப்பு பெயின்ட் அடித்து, முகம் தெரிகிறவரை தேய்த்து மாடியில் வைத்தார். ஒவ்வொரு ராக்கெட்டுக்கும் ஒரு புதுத் தகடு. முதுகில் தேதியும் காற்றின் திசையும். வருடம் முடிந்ததும் அத்தனையையும் சாக்கில் கட்டித் தூக்கிப்போய், சுற்றுச்சூழல் பிரிவு அதிகாரியின் மேசைமேல் கொட்டினார்.

அதிகாரி ஒன்றை எடுத்து வெளிச்சத்தில் திருப்பிப் பார்த்தார்.

"உங்க முகம் தெரியுதா சார்?"

"தெரியலையேம்மா."

"அவ்வளவுதான் சார் என் மனு."

கருவி மொட்டைமாடிக்குக் குடிவந்தது. பல மாதம் கழித்து, இனி திரவ எரிபொருள் ராக்கெட்தான் என்று அதிகாரியே நேரில் வந்து சொன்னார். அந்த முடிவில் அக்காவின் சாக்கு மூட்டைக்கும் பங்கு உண்டு என்றார். நேர்மையான மனிதர், புதுப் புகையில் இந்த அமிலம் இருக்காது, ஆனால் கரி இருக்கும், அது மழையே எட்டாத உயரத்தில் வருடக்கணக்கில் தங்கிவிடும் என்பதையும் மறைக்கவில்லை.

அக்கா மெழுகுத் துணியை உதறினார். "அப்போ மேலயும் ஒரு தகடு வைக்கணுமே சார்."

"பலூன்ல கருவி அனுப்பப் போறோம்மா."

"அனுப்புங்க. அதையும் வாசல்ல நிக்க வச்சிடாதீங்க."

புது ராக்கெட் கிளம்புவதற்கு முந்தின நாள், கணவர் யாரையும் கேட்காமல் மீன்குஞ்சு வாங்கி வந்து ட்ரம்மில் விட்டிருந்தார். அக்கா ட்ரம்முக்குள் எட்டிப் பார்த்தார்.

"ஏங்க, மூணு நாள் பொறுத்தா என்ன?"

"நீ தகட்டைப் பார்த்துச் சொல்லு, சுத்தமா இருந்தா குளத்துல விடறேன். இல்லேன்னா குஞ்சைத் திருப்பிக் கொடுத்துட்டு, குளத்தைத் தூர்த்துடலாம். இனிமே அள்ளிப் புதைக்க எனக்குத் தெம்பு இல்லம்மா."

வேண்டுமென்றே செய்ததுபோல, புகை நேராகக் குளத்தின் மேல்தான் போனது. இரண்டு நாளும் அக்காவுக்கு வேலையில் கவனம் இல்லை. ஒரு காருக்கு இரண்டு தடவை மெழுகு போட்டார். ட்ரம் பக்கமே போகவில்லை. அந்தக் குஞ்சுகளைப் பார்க்க அவருக்குப் பயமாக இருந்தது.

மூன்றாம் நாள் காலை மாடியேறினார். குளக்கரையில் கணவர் குஞ்சுகளை வாளியில் எடுத்துக்கொண்டு அண்ணாந்து நின்றார். அக்கா தகட்டைக் கழுவினார். துடைத்தார். ஓரம்விடாமல் விரலால் தடவினார். விரலுக்கு ஒரு புள்ளிகூடத் தட்டுப்படவில்லை. தகட்டுக்குள்ளிருந்து அவருடைய முகமே, காதோர நரை உட்பட, அவரைத் திரும்பிப் பார்த்தது.

தகட்டை இரண்டு கைகளாலும் தலைக்கு மேலே தூக்கி, வெயிலுக்கு நேராகத் திருப்பினார். பளீரென்ற வெளிச்சம் தண்ணீரைத் தாண்டி ஓடிக் கணவரின் முகத்தில் விழுந்தது. அவர் கண்ணைச் சுருக்கிக்கொண்டே குனிந்து, வாளியை மெல்லச் சாய்த்தார்.