குண்டன் தொட்டிக்குக் கார்பன்

வளர்ப்பு மீன் கடையில மீன் விக்கிறது ஒரு வேலையே இல்லை. ஃபில்டருக்குள்ள போடுற கார்பனை வித்துட்டு, அதை எப்போ போடணும் எப்போ எடுக்கணும்னு மனுஷனுக்குப் புரிய வைக்கிறதுதான் வேலை. சிங்கப்பூர்ல ஃபேரர் பார்க் பக்கம், அடுக்குமாடி புளோக்குக்குக் கீழே இருக்கிற ஒரு சின்னக் கடையில நான் பல வருஷமா நிக்கிறேன். முதலாளி சீனர். தமிழ் முகம் ஒண்ணு வாசல்ல தெரிஞ்சா போதும், "அமுதா!"ன்னு ஒரு குரல் கொடுத்துட்டு, அவர் பாட்டுக்கு காப்பிக் கிளாஸோட பின்பக்கம் போயிடுவார். அப்புறம் என் பாடு.

பாடம் ரொம்பச் சின்னது, உங்களுக்கும் சொல்லிடுறேன். கறுப்பா, மிளகு மாதிரி இருக்கிறது கார்பன். தண்ணியில இருக்கிற மஞ்சள் நிறம், நாத்தம், நாம ஊத்துற மருந்து எல்லாத்தையும் அது இழுத்துக்கும். மாசத்துக்கு ஒரு தடவை அதைத் தூக்கிப் போட்டுட்டு, புதுசை நல்லா அலசிப் போடணும். வெள்ளைக் கல்லா இருக்கிறது ஸியோலைட். மீன் கழிவுல இருந்து வர்ற அமோனியாவை அது பிடிச்சு வச்சுக்கும். அவ்வளவுதான். இதைத் தொண்டை வத்தச் சொல்லி முடிச்சதும் "ஓகே ஓகே"ன்னு ஒரு தலையாட்டல் வரும் பாருங்க, அங்கதான் ஒரு மீன் சாகப்போகுதுன்னு எனக்குத் தெரிஞ்சுடும். நீங்களும் எங்கயாவது கவுண்டருக்குப் பின்னாடி நின்னு அந்த "ஓகே ஓகே"யை வாங்கினவங்களா இருந்தா, வாங்க, பக்கத்துல உட்காருங்க. நாம எல்லாம் ஒரே கட்சி.

துவைச்ச கரி

உட்லண்ட்ஸ்ல இருந்து ஒரு தம்பி வந்தார். எஞ்சினியர். போனைத் திறந்து தொட்டியோட படத்தைக் காட்டினார். தண்ணி நல்ல கட்டியான தே ஓ கலர், பால் விடாத டீ மாதிரி. உள்ள மீன் இருக்கா இல்லையான்னே தெரியலை. "கார்பன் போட்டிருக்கேன்க்கா, ஆனா வேலை செய்ய மாட்டேங்குது, உங்க சரக்கு சரியில்ல லா"ன்னார். எப்போ மாத்தினீங்கன்னு கேட்டேன். "மாத்துறதா? வாரா வாரம் சுடுதண்ணியில அலசி, துணி காயப் போடுற இடத்துல காய வச்சு, திரும்பப் போடுறேனே!" அப்படின்னு பெருமையா சொன்னார். புது வீட்டுக்குப் போனப்போ வாங்கின கார்பனாம். அந்த வீட்டுல பிறந்த குழந்தை இப்போ பிரைமரி ஒன் போகுது.

"தம்பி, அதுக்கு வயிறு எப்பவோ ரொம்பிடுச்சு. இனிமே ஒரு சொட்டு அழுக்கைக்கூட அது இழுக்காது. வெளியில என்னதான் கழுவினாலும் உள்ள போனது போனதுதான்"னு நான் பொறுமையா, ரொம்பப் பொறுமையா சொன்னேன். அவர் யோசிச்சார். எஞ்சினியர் மூளை வேலை செய்யுதுன்னு நானும் சந்தோஷப்பட்டேன். அப்புறம் கேட்டார்:

"ஆனா இன்னும் கறுப்பாத்தானேக்கா இருக்கு?"

குண்டன்

ராஜமாணிக்கம் அங்கிள் ஆங் மோ கியோவுல இருந்து பஸ் பிடிச்சு வருவார். ஒரு காலத்துல அவரே பஸ் ஓட்டினவர். அவர் மனைவி சரோஜா ஆன்ட்டிக்கு பக்கவாதம் வந்து பேச்சு போயிடுச்சு. சக்கர நாற்காலியை ஹால்ல மீன் தொட்டிக்கு நேரா வச்சா, அப்படியே பார்த்துக்கிட்டு உட்கார்ந்திருப்பாங்களாம். தொட்டியில ஒரே ஒரு மீன். ஆரஞ்சுக் கலர், உருண்டை உடம்பு, சிரிக்கிற மாதிரி வாய், வால்ல ஒரு ஓரம் கிழிசல். பேரட் ஃபிஷ்னு நாங்க சொல்லுவோம். ஆன்ட்டி வச்ச பேரு குண்டன். தேக்கா மார்க்கெட்டுல வாங்கின ஒரு சின்னப் பொங்கல் பானையைத் தொட்டிக்குள்ள படுக்க வச்சிருக்காங்க, அதுக்குள்ளதான் தூங்குவான். ஆன்ட்டி வாயில இப்போ வர்றது ஒரே வார்த்தைதான், "குண்டா". புருஷன் பேரு கூட வராது. அதைச் சொல்லிட்டு அங்கிள் சிரிப்பார். எனக்குத்தான் சிரிக்க வராது.

அந்தக் குண்டன் உடம்புல வெள்ளைப் புள்ளி வந்துடுச்சு. உப்புத் தூவின மாதிரி துடுப்பெல்லாம். விட்டா செவுளுக்குள்ள போய் மூச்சு முட்டிச் செத்துடும். நீல மருந்து பாட்டிலை எடுத்துக் கொடுத்தேன். "அங்கிள், நல்லா கேட்டுக்குங்க. மருந்து ஊத்துறதுக்கு முன்னாடி ஃபில்டர்ல இருந்து கார்பனை எடுத்துடணும். கார்பன் உள்ள இருந்தா மருந்தையெல்லாம் அதுவே குடிச்சுடும், மீனுக்கு ஒண்ணும் போகாது. புள்ளி முழுசா போற வரைக்கும் கார்பன் கூடாது." திருப்பிச் சொல்லச் சொன்னேன். ஸ்கூல் பையன் மாதிரி கையைக் கட்டிக்கிட்டு ஒரு வார்த்தை பிசகாம சொன்னார். எனக்கு அப்படி ஒரு நிம்மதி. வாசல் வரைக்கும் போனவர் திரும்பி நின்னார்.

"தண்ணி நீலமாயிட்டா அவளுக்கு குண்டன் தெரிவானாம்மா?"

வெள்ளிக்கிழமைக் கரி

இதைக் கேட்டா நீங்க தலையில அடிச்சுக்குவீங்க. ஒரு தங்கச்சி, பாவம், நல்ல மாதிரி. தொட்டியில குட்டிக் குட்டியா நியான் மீன் ஒரு கூட்டமே விட்டிருந்தா. கார்பன் தீர்ந்துடுச்சு, கடைக்கு வர நேரம் இல்லை. சாமி அலமாரியைத் திறந்தா, அங்க கரி இருக்கு. எந்தக் கரி? சாம்பிராணி போடுறதுக்கு வட்டவட்டமா சுருள் காகிதத்துல வருமே, தீக்குச்சியைக் காட்டினாலே பொறி பறக்கப் பிடிச்சுக்கும், அந்தக் கரி! அதை உடைச்சு வலைப்பையில கட்டி ஃபில்டர்ல வச்சுட்டு வேலைக்குப் போயிட்டா. சாயங்காலம் வந்து பார்த்தா அத்தனையும் மல்லாந்து மிதக்குது.

"ஐயோ, அது சீக்கிரம் பத்திக்கணும்னு அதுல மருந்து கலந்திருக்கும்மா, தண்ணியில அதெல்லாம் கரையும், மீன் எப்படித் தாங்கும்?"னு நான் அடிச்சுக்கிட்டேன். அவளுக்குக் கண்ணுல தண்ணி. எனக்கும் கஷ்டமாத்தான் இருந்துச்சு. மூக்கைத் துடைச்சுக்கிட்டே சொன்னா:

"சாமிக்கே போடுறதாச்சேக்கா, மீனுக்கு ஆகாதுன்னு யாருக்குத் தெரியும்?"

பாஸ்

அன்னைக்கே இன்னொருத்தர் வந்து, புதுசா வச்ச தொட்டி, தண்ணி பளிங்கு மாதிரி இருக்கு, இருந்தாலும் கார்பன் மூணு மூட்டை வேணும்னார். இப்போ உங்களுக்கு அது தேவையே இல்லைன்னு சொல்லி, ஏன் தேவையில்லைன்னும் விளக்கி அனுப்பி வச்சேன். முதலாளி பின்பக்கத்துல இருந்து எட்டிப் பார்த்தார். என்னைத் திட்டுறதுக்கு மட்டும் அவருக்குக் காப்பிக் கிளாஸைக் கீழே வைக்க மனசு வரும்.

"அமுதா ஆ, யூ செல்லிங் ஃபிஷ் ஆர் செல்லிங் லெக்சர்?"

கண்ணாடி மாதிரி

அங்கிள் திரும்ப வந்தார், இன்னொரு பாட்டில் மருந்து கேட்டு. புள்ளி குறையலையாம், இன்னும் ஜாஸ்தியாயிடுச்சாம், சாப்பாட்டைக்கூடத் திரும்பிப் பார்க்க மாட்டேங்கிறானாம். எனக்குச் சந்தேகம் தட்டுச்சு. "தண்ணி என்ன கலர்ல இருக்கு அங்கிள்?" முகம் மலர்ந்துச்சு மனுஷனுக்கு. "கண்ணாடி மாதிரி இருக்கும்மா!" கிண்டிக் கிண்டிக் கேட்டதுல விஷயம் வெளியில வந்துச்சு. காலையில மருந்து ஊத்துறார். மதியம் ஆன்ட்டியை ஹாலுக்குக் கொண்டு வர்றதுக்கு முன்னாடி, புத்தம்புதுக் கார்பனை ஃபில்டர்ல போட்டுடுறார். கொஞ்ச நேரத்துல நீலமெல்லாம் போய் குண்டன் பளிச்சுன்னு தெரியுறான். ஆன்ட்டி படுத்ததும் கார்பனை எடுத்துடுறார். மறுநாள் காலையில திரும்ப மருந்து. இப்படியே தினமும்.

நான் கத்திட்டேன். கடையில நாலு பேர் திரும்பிப் பார்க்க, பெரியவர்னுகூடப் பார்க்காம கத்திட்டேன். "அங்கிள், நீங்க மருந்தைக் கரிக்கு ஊத்துறீங்க! மீனுக்கு இல்லை! அவன் செத்துடுவான்!" சரி, குண்டனை மட்டும் ஒரு வாளியில எடுத்து விட்டு, அதுல மருந்து ஊத்துங்க, தொட்டித் தண்ணி தெளிவாவே இருக்கட்டும்னு வழியும் சொன்னேன். அதையும் பண்ணிப் பார்த்துட்டாராம். காலித் தொட்டியைப் பார்த்துட்டு ஆன்ட்டி கஞ்சிக்கு வாயே திறக்கலையாம். ஸ்பூனைத் தட்டி விட்டுட்டு, "குண்டா, குண்டா"ன்னு அழுகையாம். அங்கிள் பயந்து போய் அவனைத் திரும்பத் தொட்டியிலயே விட்டுட்டார். நீங்களா இருந்தா என்ன சொல்லுவீங்க? மருந்து பாட்டிலைப் பையில போட்டு அவர் கையில கொடுத்தேன். அவர் என் கையைப் பிடிச்சுக்கிட்டார்.

"இன்னைக்கு அவனைப் பார்த்துச் சிரிச்சாம்மா. நாளைக்கு எடுத்துடுறேன், சத்தியமா."

வெள்ளைக் கல்லும் திருஷ்டி உப்பும்

புது வீடு குடிபோன ஒரு ஜோடி. பெரிய தொட்டி, விருந்துக்கு வந்தவங்க எல்லாரும் அதைச் சுத்தி நின்னு "வாவ், வாவ்"னு போட்டோ எடுத்திருக்காங்க. விருந்து முடிஞ்சதும் கண்ணு பட்டுடுச்சுன்னு மாமியார் கை நிறைய கல் உப்பை எடுத்துத் தொட்டியைச் சுத்தினாங்க. சுத்தின உப்பைத் தண்ணியில கரைக்கணும் இல்லையா? எதிர்க்க இவ்வளவு தண்ணி இருக்கும்போது வேற தண்ணிக்கு எங்க போறதுன்னு தொட்டியிலயே போட்டுட்டாங்க. ஃபில்டர்ல இருந்ததோ ஸியோலைட். மறுநாள் மீனெல்லாம் மேல வந்து வாயைப் பிளக்குது.

"உப்பு பட்டா அந்த வெள்ளைக் கல்லு, இத்தனை நாள் பிடிச்சு வச்ச அமோனியாவையெல்லாம் திரும்பக் கக்கிடும். அதைச் சுத்தம் பண்ணணும்னா வெளியில எடுத்து உப்புத் தண்ணியில ஊற வைப்போம், தொட்டிக்குள்ள வச்சு இல்லை"ன்னு அந்தப் பொண்ணுகிட்ட எடுத்துச் சொன்னேன். பாதித் தண்ணியை உடனே மாத்தச் சொல்லி, என்னென்ன செய்யணும்னு ஒண்ணொண்ணா விளக்கினேன். அவ கண்ணை அகல விரிச்சுக் கேட்டா. ஆஹா, ஒருத்திக்காவது புரிஞ்சுதேன்னு நினைச்சேன். புருஷன் பக்கம் திரும்பினா:

"நான் சொல்லலை? அவ்வளவு விஷம் வெளியில வந்திருக்குன்னா, எவ்வளவு பேர் கண்ணு பட்டிருக்கணும் பாருங்க!"

பானைக்குள்ள

குண்டன் செத்துட்டான். அங்கிளே வந்து சொன்னார். எனக்குக் கோபம் வந்துச்சு, அவர் மேலயா என் மேலயான்னு தெரியலை. கடையில இருந்த பேரட் மீன்கள்லயே நல்ல குண்டா ஒண்ணைக் காட்டி, இதைக் கொண்டு போங்க அங்கிள், ஆன்ட்டிக்கு வித்தியாசம் தெரியாதுன்னேன். குனிஞ்சு ரொம்ப நேரம் பார்த்தார். "வால்ல கிழிசல் இல்லையேம்மா. அவ கண்டுபிடிச்சுடுவா"ன்னுட்டு வெறுங்கையோட போயிட்டார். இனிமே வரமாட்டார்னுதான் நினைச்சேன்.

அடுத்த மாசம் வந்து நின்னார். கார்பன் ஒரு பாக்கெட் வேணுமாம். "மீனே இல்லையே அங்கிள், எதுக்கு?"ன்னேன். கூச்சப்பட்டுக்கிட்டே சொன்னார். குண்டன் பானைக்குள்ள தூங்குறான், கொஞ்ச நேரத்துல வருவான்னு ஆன்ட்டிகிட்ட சொல்லி வச்சிருக்காராம். அவங்களும் அந்தப் பானை வாயையே பார்த்துக்கிட்டு, ஒழுங்கா கஞ்சி குடிக்கிறாங்களாம். எனக்குச் சுருக்குன்னு ஒண்ணு தைச்சுது. இந்தப் பொய்யை, வாளி வச்ச அன்னைக்கே சொல்லியிருந்தா குண்டன் பொழைச்சிருப்பானே! அது அவருக்கும் தெரியுதுன்னு அவர் முகத்தைப் பார்த்ததும் புரிஞ்சுது. பாக்கெட்டை எடுத்து வச்சுட்டு, சும்மா இருக்க முடியாம, மீன் இல்லாத தண்ணி லேசா கலங்கினா என்ன அங்கிள், அதுக்கெல்லாம் பஸ் ஏறி வரணுமான்னு மட்டும் கேட்டேன்.

"கலங்கினா அவ எப்படிம்மா அவனைத் தேடுவா?"

அதுக்கப்புறமும் மாசா மாசம் வந்துக்கிட்டுத்தான் இருக்கார். ஆக, இத்தனை வருஷத்துல நான் சொன்னதை அப்படியே கேட்டு, கார்பனை நல்லா அலசி, மாசம் தவறாம மாத்துற வாடிக்கையாளர் எனக்கு ஒரே ஒருத்தர்தான் கிடைச்சிருக்கார், அவர் தொட்டியில மீன் இல்லை.