நான் எழுதிய பழைய சுவடி

அப்பா இறந்த மூன்றாம் நாள்தான் உடலைத் தங்கச் சுரங்கத்திலிருந்து மேலே கொண்டுவந்தார்கள். பூமிக்கடியில் அழுத்தம் தாங்காமல் பாறை வெடிப்பதை எங்கள் ஊரில் ஏர் பிளாஸ்ட் என்பார்கள். அதில் மாட்டிக்கொண்டவர் அவர். ஸ்கெலட்டன் என்ற தொழிலாளர் குடியிருப்பில், வரிசையாகக் கட்டிய எங்கள் லைன் வீட்டு வாசலில் கூட்டம் நின்றது. அப்போதுதான் டாக்டர் வந்தார்.

அவர் ஹோமியோபதி டாக்டர். வெளியூரிலிருந்து வந்து கிளினிக் வைத்தவர். ஞாயிறு சாயங்காலங்களில் ஒரு ஹாலில் மேலுலகம், கீழுலகம், அவற்றின் இசைவு என்று பேசுவார். ஐம்பது அறுபது பேர் கேட்பார்கள். சுரங்கத்தில் ஒருநாளும் இறங்கியவரில்லை.

அம்மாவின் எதிரில் உட்கார்ந்து, "அன்னிக்கு ஷிப்டுக்குப் போறப்ப வீட்ல ஏதாவது சண்டையாம்மா?" என்று கேட்டார்.

அம்மாவுக்குப் பொய் சொல்லத் தெரியாது. "மண்ணெண்ணெய் வாங்கிட்டு வரலன்னு ரெண்டு வார்த்தை கத்திட்டேங்க" என்றாள்.

"அதான். மேல ஒரு மனசு கலங்கினா கீழ பாறை கலங்கும். ரெண்டு உலகமும் ஒத்துப்போகணும்மா."

லைன் பெண்கள் அத்தனை பேரும் கேட்டுக்கொண்டிருந்தார்கள். டாக்டர் தேநீர் குடித்துவிட்டுப் போய்விட்டார். அந்த வாக்கியம் எங்கள் வீட்டிலேயே தங்கிவிட்டது. காலை ஷிப்டுக்கு ஆண்கள் கிளம்பும் நேரத்தில் அம்மா குழாயடிக்குப் போனால், பெண்கள் தங்கள் புருஷன்மாரை வேறு வழியாக அனுப்பினார்கள். நாளடைவில் அம்மா வெளியே போவதை நிறுத்தினாள். பிறகு பேசுவதையும் குறைத்துக்கொண்டாள்.

நான் அவர்களுக்கு ஒரே மகள். எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. ஜெராக்ஸ் கடையில் வேலை. இரண்டு வருஷம் அந்த ஆளை எப்படி அடிப்பது என்று யோசித்தேன். கல்லெறிந்தால் காயம் ஆறிவிடும். அவருடைய வாயாலேயே அவர் கெட வேண்டும் என்று தோன்றியது.

அப்பாவின் இரும்புப் பெட்டியில் எழுதாத பழைய நோட்டு ஒன்று கிடந்தது. தாள்கள் பழுத்திருந்தன. அதில் கட்டைப் பேனாவால், புள்ளி வைக்காத பழைய எழுத்தில் எழுதினேன். 'ஈருலக இசைவு' என்று பெயர் வைத்தேன். தேயிலைத் தண்ணீர் தெளித்துக் காயவைத்தேன். முப்பது பக்கம் வாய்க்கு வந்த தத்துவம். கடைசிப் பக்கத்தில் மட்டும் நான்கு வரிகளைக் கவனமாக எழுதினேன்.

கிளினிக்குக்குக் கொண்டுபோய், "எங்க தாத்தாவோட அப்பா வடாற்காட்லேர்ந்து கொண்டுவந்ததுங்க. எங்களுக்கு ஒண்ணும் புரியல" என்றேன். அவர் நோட்டை உடனே மேஜை டிராயரில் வைத்துப் பூட்டினார். அவருக்கு என்னை யாரென்றே அடையாளம் தெரியவில்லை.

அடுத்த ஞாயிறு ஹாலின் பின்வரிசையில் உட்கார்ந்தேன். "கனவில் ஒரு பெரியவர் வந்து இடம் காட்டினார். மலையடிவாரத்தில் தோண்டி எடுத்தேன்" என்றார் டாக்டர். என் பெயரும் இல்லை, தாத்தாவும் இல்லை. எனக்கிருந்த கொஞ்சநஞ்சத் தயக்கமும் அன்றோடு போயிற்று.

வாரம் நாலைந்து பக்கம் வாசித்தார். கூட்டம் பெருகியது. கடைசிப் பக்கத்தை வாசிக்கும் நாளை விசேஷமாக அறிவித்தார். ஓய்வு பெற்ற சுரங்கத் தொழிலாளர்கள் முன்வரிசையில் துண்டு போர்த்தி உட்கார்ந்திருந்தார்கள். டாக்டர் கண்ணை மூடி, குரலை இழுத்து வாசித்தார்.

"மும்முறை ஒலிக்க மாந்தர் ஏறுவர். இருமுறை ஒலிக்கக் கீழுலகு திறக்கும். ஒருமுறை ஒலிக்க யாவும் நிற்கும். ஒலி தவறின் உயிர் தவறும்."

முன்வரிசையில் ஒருவர் இருமினார். பிறகு எழுந்து நின்றார். முப்பது வருஷம் கேஜில், அதாவது ஆட்களை இறக்கும் இரும்புக் கூண்டில், மணியடித்தவர்.

"இன்னா டாக்டரே, இது நம்ம கேஜ் மணியாச்சே! மூணு அடிச்சா ஆளு ஏறுது, ரெண்டு அடிச்சா எறக்கு, ஒண்ணு அடிச்சா நிறுத்து. உங்க கனவுப் பெரியவரு எந்தச் சுரங்க ஷாப்ட்ல வேல செஞ்சாரு?"

ஹால் முழுக்கச் சிரித்தது. யாரோ நாற்காலியை மூன்று முறை தட்டினார்கள். டாக்டர் நோட்டைப் புரட்டிப் புரட்டிப் பார்த்தார். அந்த முகத்தை நான் பார்த்தேன். பார்த்துப் பசியாறினேன்.

அதன்பின் அவர் தெருவில் போனால் ஜன்னல்கள் மும்முறை தட்டப்பட்டன. பத்து நாள் கழித்து என்னை விசாரித்துக்கொண்டு ஜெராக்ஸ் கடைக்கு வந்தார்.

"ஏம்மா இப்படிப் பண்ணின? உனக்கு நான் என்ன செஞ்சேன்?"

அம்மாவிடம் அவர் சொன்னதை எழுத்துப் பிசகாமல் சொன்னேன். நெற்றியைச் சுருக்கி யோசித்தார். "அப்படியா சொன்னேன்? ஞாபகமில்லையே. ஆறுதலுக்குச் சொல்லியிருப்பேன்."

ஞாபகமில்லை! இரண்டு வருஷம் ஒருத்தியின் வாயைக் கட்டிவைத்த வார்த்தை இவருக்கு ஞாபகமில்லை. மிஷினின் மூடியை அறைந்து சாத்தினேன்.

"நீ எழுதினதுதான்னு நாலு பேர்கிட்ட சொல்லிடும்மா. நான் ஏமாந்தவன்னாவது தெரியட்டும்."

"கனவுல வந்தாரே, அவரைக் கூப்பிட்டுச் சொல்லச் சொல்லுங்க" என்றேன்.

சுரங்கம் மூடுவதற்கு முன்பே அவர் கிளினிக்கை மூடிவிட்டுப் போனார். எங்கள் ஊர் கோரமண்டல் ஸ்டேஷனில் அவர் மூட்டையோடு ரயிலேறியதைப் பார்த்ததாகச் சொன்னார்கள். எனக்கு இரக்கம் வரவில்லை. இன்றுவரை வரவில்லை.

அம்மாவிடம் எல்லாவற்றையும், ஹாலில் டாக்டர் அவமானப்பட்ட அன்றே சொல்லியிருந்தேன். அரிசி களைந்துகொண்டே கேட்டாள். சிரிக்கவில்லை.

"இருந்தாலும் நான் கத்தினது நெசந்தானே" என்றாள்.

நான் தீர்த்துக்கொண்ட பழியால் ஆறாத இடம் ஒன்று அங்கே இருந்தது. அதற்கு மேல் நான் ஒன்றும் செய்ய முடியவில்லை.

டாக்டர் போன பிறகு லைன் பெண்கள் மெல்ல மெல்ல எங்கள் வாசலுக்கு வரத் தொடங்கினார்கள். குழாயடியில் முதலில் முகத்தைத் திருப்பிக்கொண்ட பக்கத்து வீட்டுக்காரி, ஒரு தூக்குச்சட்டி நிறையக் கறிக்குழம்பு கொண்டுவந்தாள்.

"மனசுல வெச்சுக்காதீங்கக்கா."

அம்மா வாங்கிக்கொண்டாள். இருவரும் சாப்பிட்டோம். நன்றாகத்தான் இருந்தது. மறுநாள் சட்டியைத் தேய்த்துப் பளபளவென்று கழுவினாள். ஒரு பிடி சர்க்கரையாவது போடாமல் அம்மா யார் பாத்திரத்தையும் திருப்பிக் கொடுத்ததில்லை. நான் சர்க்கரை டப்பாவை எடுத்தேன்.

"வெறுஞ்சட்டியாவே குடு" என்றாள் அம்மா.