வெள்ளையடித்த வளைவு

2016இல் எங்கள் பழைய அந்தோனியார் கோயிலின் சுவரை இடிக்கத் திங்கட்கிழமை மெசின் வருகிறது என்றார்கள். எங்கள் ஊர், மன்னாரில் அரிப்பு என்ற ஊருக்குப் பக்கத்துக் கடற்கரை. போரில் ஷெல் பட்டுச் சாய்ந்த அந்தச் சுவரில், பீடத்துக்கு மேலிருந்த கல் வளைவு மட்டும் முழுதாக நின்றது. புதுக் கோயிலிலும் அதே வளைவு வேண்டும் என்று எல்லோருக்கும் ஆசை. ஆனால் ஏணி சாத்தி அளக்க முடியாது, சுவர் விழுந்துவிடும்.

"தொடாமலே அளந்து தாறன்" என்றார் டினோஜா அக்கா.

அவர் செபமாலை மாமாவின் மகள். இந்தியாவில் மண்டபம் அகதி முகாமில் இருந்தபோது கணினி படித்தவர். ஊர் திரும்பியபின் மன்னாரில் ஹலீம் நடத்தும், பெடியள் கணினியில் விளையாடும் கேம் கடையில் வேலை செய்தார்.

அவரது முறை இதுதான். வளைவைச் சுற்றி நடந்து நிறையப் படங்கள் எடுக்க வேண்டும். ஒரே கறை, ஒரே வெடிப்பு பல படங்களில் தெரியும். அவற்றைப் பொருத்திப் பார்த்து, கமரா எங்கெங்கே நின்றது, ஒவ்வொரு கறையும் எங்கே இருக்கிறது என்று எல்லாவற்றையும் ஒன்றாகத் திருத்தித் திருத்திக் கணினி பிழையைக் குறைக்கும். இதற்குப் பெயர் பண்டில் அட்ஜஸ்ட்மென்ட்.

சனிக்கிழமை படம் எடுத்தார். பழைய மடிக்கணினி இரவு முழுவதும் கணக்குப் போட்டது. ஞாயிறு காலை திரையில் வந்த வளைவு, வெயிலில் வைத்த மெழுகுதிரி போல நெளிந்து கிடந்தது.

பூசை முடிந்து வந்த அன்னப்பிள்ளை மாமி எட்டிப் பார்த்தார்.

"ஏன் பிள்ளை இப்பிடி? நாங்கள் வெள்ளிக்கிழமை வடிவா வெள்ளையடிச்சு விட்டனாங்களே."

"வெள்ளையடிச்சனீங்களோ? பழைய சுண்ணாம்பெண்டெல்லோ நினைச்சன்."

"ஓம். கோயிலைப் படம் எடுக்கேக்க ஊத்தையா நிக்கலாமே? வள்ளம் தள்ளுற நீளக் கம்பில வெள்ளையடிக்கிற பிறஸைக் கட்டித் தள்ளி நிண்டு அடிச்சனாங்கள்."

டினோஜா அக்கா தலையில் கைவைத்தார். பிறகு சிரித்துவிட்டார். "கணினிக்குப் பிடிச்சுக்கொள்ள ஒரு கறையும் இல்லை, மாமி. திருப்பி ஊத்தையாக்க வேணும்."

"கோயிலையோ? நானோ?"

"நீங்கள்தானே வெளுத்தனீங்கள்."

மாமி முணுமுணுத்தபடி கரியை இடித்துத் தண்ணீரில் கரைத்தார். பெண்கள் தள்ளி நின்று, கம்பில் கட்டிய தும்புத்தடித் துடைப்பத்தைத் தோய்த்து உதறினார்கள். வளைவெங்கும் ஒன்றுபோல் ஒன்றில்லாத புள்ளிகள் தெறித்தன. "அந்தோனியாரே, மன்னிச்சுக்கொள்ளும்" என்றபடி மாமிதான் எல்லோரையும்விடப் பலமாக உதறினார்.

புதிய படங்களோடு ஹலீமின் கடைக்குப் போகும்போது மத்தியானம் தாண்டிவிட்டது. மடிக்கணினியை நம்பினால் விடை வருமுன் சுவர் போய்விடும். ஆனால் கடையில் விளையாட்டுக்கென வாங்கிய நல்ல கிராபிக்ஸ் காட் இருந்தது. அந்த கிராபிக்ஸ் காட்டிலேயே இந்தக் கணக்கைப் போடும் மென்பொருள் லைப்ரரி ஒன்று, யாரோ எழுதி எல்லோருக்கும் இலவசமாக விட்டது, அக்காவிடம் இருந்தது. மடிக்கணினி ஓரிருவர் வலை இழுப்பது போல. கிராபிக்ஸ் காட்டில் ஆயிரக்கணக்கான சின்னக் கைகள், கரைவலை இழுக்கிற மாதிரி, ஒன்றாக இழுக்கும்.

"பெடியள் கேமில கார் ஓட்டிற காட்டில கோயில் கட்டப் போறியளோ?" என்றார் ஹலீம்.

"விலகுங்கோ, மறைக்குது."

திரையில் பிழையைக் காட்டும் எண் குறைந்தது. மறுபடி குறைந்தது. ஹலீம் கொடுத்த தேநீர் ஆறுமுன் கணக்கு முடிந்து எண் நின்றுவிட்டது. புள்ளிகள் கூடிக் கூடி, நிமிர்ந்த ஒரு வளைவு திரையில் எழும்பியது. சுவரடியில் வைத்துப் படமெடுத்த மீற்றர் தடியைக் கொண்டு அளவுகளை எடுத்தார் அக்கா.

புதுக் கோயில் கட்டும் மேசன் சீவரத்தினம் அன்று பின்னேரமே அந்த அளவில் பலகையை அறுத்து, வளைவின் எதிரே தூக்கிப் பிடித்துப் பார்த்தார். ஒரு கண்ணை மூடினார், சரியென்று தலையாட்டினார்.

திங்கள் காலை மெசின் வந்தபோது, டினோஜா அக்காதான் முன்னால் போய்க் கைகாட்டி அதற்கு வழிவிட்டார்.